மேல் ஸட்ஜத்தில் ஒரு சீ

அறுபத்தொரு வயதில் ஒரு வீடியோ கேமுக்கு இசையமைக்கப் போனேன் என்றால் யாருக்கும் முதலில் சிரிப்புத்தான் வரும். உங்களுக்கும் வந்தது, இன்ஸ்பெக்டர் ஐயா. தேநீர்க் கோப்பையைத் தூக்கி வாயை மறைத்தீர்கள். அது எப்போதோ காலியாகிவிட்டது.

பரவாயில்லை. நான் ஆறுதலாகவே சொல்கிறேன். புத்தகத் தமிழில் சொன்னால் எழுதுகிற பொலிஸ் பிள்ளைக்கும் வசதி. அந்தப் பிள்ளை 'சுருதி'க்கு வல்லின 'று' போட்டிருப்பது இங்கிருந்தே தெரிகிறது. முதலில் அதைத் திருத்தச் சொல்லுங்கள்.

என் பெயர் இரத்தினேஸ்வரி. இந்த ஊர்ப் பள்ளிக்கூடங்களில் என் தலை நரைக்கும்வரை சங்கீதம் படிப்பித்தேன். என் வாத்தியம் வயலின். ஓய்வு பெற்ற பிறகும் உவர்மலையில் என் வீட்டு முன்னறைக்குப் பிள்ளைகள் வருகிறார்கள். அவர்களில் பாதிப் பேருக்குக் காது இல்லை, மீதிப் பேருக்குக் கை இல்லை. பெற்றோருக்கு இரண்டும் இல்லை. மேடையில் ஏற்றிப் படம் எடுக்க வேண்டும் என்ற ஆசை மட்டும் உண்டு.

அப்படியிருக்கையில்தான் றுவைஸ் வந்தான். கிண்ணியாப் பொடியன். கொழும்பில் கம்ப்யூட்டர் படித்துவிட்டு வந்து, உட்துறைமுக வீதியில் ஒரு இரும்புக் கடைக்கு மேல்மாடியில் கேம் செய்கிற கம்பெனி தொடங்கியிருந்தான். கம்பெனி என்றால் நாலைந்து கதிரைகள், ஒரு பழைய ஏசி, ஜன்னலுக்கு வெளியே கப்பல்கள். அவன் செய்துகொண்டிருந்தது சண்டை விளையாட்டு. எட்டுப் பேர் ஒரு துறைமுகத்தில் நின்று ஒருவரையொருவர் அடிப்பார்கள். ஒருத்தி மீன் கூடைக்காரி, ஒருவன் கிரேன் ஓட்டுகிறவன். ஏன் அடித்துக்கொள்கிறார்கள் என்று கேட்டேன்.

"கதை பொறகு வரும், டீச்சர்" என்றான்.

கடைசிவரை வரவில்லை.

ஏன் ஒத்துக்கொண்டேன் என்று கேட்பீர்கள். அவன் என் வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு நின்று, "உங்கட வயலின் இல்லாம இது சரிவராது" என்றான். இந்த ஊரில் அப்படியொரு வசனத்தை என்னிடம் கடைசியாகச் சொன்னது யார் என்று யோசித்தேன். ஞாபகம் வரவில்லை.

எனக்குச் சோடியாக அவன் வைத்திருந்த ஆள் யதுர்ஷன். சல்லிக் கிராமத்துப் பொடியன், தகப்பன் கடல் தொழில். இசை என்று ஒரு நாளும் எங்கும் படித்ததில்லை. ஐஸ் பெட்டியைத் தட்டுவான், படகு எஞ்சினைப் பதிவான், சந்தையில் மீன் வெட்டுகிற கத்தியின் சத்தத்தைப் பிடித்துக்கொண்டு வருவான். எல்லாவற்றையும் லப்டொப்பில் போட்டுக் குழைத்து அதற்கு 'பீட்' என்று பெயர் வைப்பான். கழுத்தில் எந்நேரமும் ஒரு ஹெட்போன் தொங்கும். முதல் நாளே என்னைப் பார்த்து, "டீச்சர், நாங்க ரெண்டு பேரும் சேந்தா கலக்கலாம்" என்றான். கலக்குவது அவன் வேலை. தெளிவிப்பது என் வேலை. அதை அவனுக்கு அன்றே சொன்னேன். சிரித்தான். அவனுக்கு எதைச் சொன்னாலும் சிரிப்பு.

என் வாசிப்பைப் பதிந்தபின் அவன் தனியாக இருந்து ஏதோ செய்வான். என்ன செய்கிறாய் என்றால், "துப்புரவாக்கிறன், டீச்சர்" என்பான். தூசுச் சத்தம், ஏசி இரைச்சல், அப்படி ஏதாவது இருக்கும் என்று விட்டுவிட்டேன். கூட்டித் துடைக்கிறவரை நாங்கள் என்ன கேள்வி கேட்பது?

எட்டுப் பேருக்கும் எட்டு ராகம் எழுதினேன். இறுதிச் சுற்றுக்கு அடாணா. வீரத்துக்கு அதைவிட்டால் வேறில்லை. பதிவு நாளன்று நடந்தது ஒரு சின்ன விசயம். மேல் ஸட்ஜத்துக்கு ஏறும்போது விரல் வழுக்கி, ஸ்வரம் இடம் தப்பிப் போய் நின்றது. யதுர்ஷனின் முகம் மாறியதைக் கண்டுதான் நான் கையைப் பார்த்தேன். நிறுத்தினேன். "சீ" என்றேன். வேறொன்றும் இல்லை. திரும்ப வாசித்தேன். அவ்வளவுதான்.

விளையாட்டு ஓரளவு தயாரானதும் றுவைஸ் பத்துப் பதினைந்து பொடியன்களைக் கூட்டி வந்து விளையாட விட்டான். நானும் ஒரு மூலையில் இருந்தேன். என் காம்போதி போனது, என் மோகனம் போனது. ஒருவரும் தலை தூக்கவில்லை. தட்டு தட்டு என்று பொத்தானை அமத்திக்கொண்டிருந்தார்கள். மாடுகளுக்கு முன்னால் வாசித்திருந்தால் காதையாவது ஆட்டியிருக்கும்.

பிறகு இறுதிச் சுற்று வந்தது.

அங்கே என் அடாணா இல்லை. வழுக்கிய அந்த ஒரு ஸ்வரம்தான் இருந்தது. அதை வெட்டியெடுத்து, திரும்பத் திரும்ப ஓடவிட்டு, கீழே ஐஸ் பெட்டியும் எஞ்சினும். ஒவ்வொரு அடி விழும்போதும் ஒரு பெண்குரல்: சீ. குத்து விழுந்தால் சீ. உதை விழுந்தால் சீ. என்னுடைய சீ.

பொடியன்கள் எழும்பி நின்றார்கள். ஒருவன் தன் முறை முடிந்தும் பொத்தானை விடவில்லை. "மச்சான், அந்த மியூசிக்குக்காக இன்னொருக்கா விளையாடுவம்" என்று ஒருவன் கத்தினான். யதுர்ஷன் என்னைத் திரும்பிப் பார்த்தான். பரிசு வாங்கிய பிள்ளை தாயைப் பார்ப்பதுபோல.

அவர்கள் போனபிறகு அவனைக் கூப்பிட்டேன். "அதை எடுத்துப்போடு."

"எதை டீச்சர்?"

"என்ர பிழையை."

"அது பிழையில்லை, டீச்சர். அதுதான் உயிர்." நெஞ்சைத் தொட்டுக் காட்டினான். "மிச்சம் எல்லாம் வடிவா இருக்கு, ஆனா அது ஒண்டுதான் உங்களை மாதிரி இருக்கு."

ஐயா, அந்த வசனத்தை ஒருமுறை யோசித்துப் பாருங்கள். வாழ்நாள் முழுக்க நான் சாதகம் செய்தேன். இவன் வந்து, நான் தவறவிட்ட ஒரே இடத்தைத் தொட்டு, இதுதான் நீ என்கிறான். அதுவும் சிரித்துக்கொண்டு.

றுவைஸிடம் சொன்னேன். அவன் தலையைச் சொறிந்தான். "டீச்சர், அத எடுத்தா கேமே இல்ல" என்றான்.

ஒரு சின்னத் துண்டை விளம்பரத்துக்கென்று இன்டர்நெட்டில் விட்டார்கள். அதோடு ஊர் முழுக்கப் பரவியது. ஓட்டோக்காரன் போனில் அது. கடற்கரையில் வறுத்த கச்சான் விற்கிறவன் வாயில் அது. ஒரு சனிக்கிழமை என் வகுப்பில் ஒரு பிள்ளை வர்ணத்தைப் பிழையாக வாசித்தது. வழக்கம்போல "சீ" என்றேன். வகுப்பு முழுக்க வெடித்துச் சிரித்தது. என் சொல்லுக்குப் பயந்து அழுத பிள்ளைகள் இருக்கிறார்கள், ஐயா. அவர்களில் சிலர் இன்று மேடையில் இருக்கிறார்கள். அந்தச் சொல்லை அவன் எடுத்துக் குரங்காட்டிக்குக் கொடுத்துவிட்டான். அன்றைக்குப் பிறகு அந்த வீட்டில் என்னால் வாயைத் திறக்க முடியவில்லை.

இதையெல்லாம் நான் கோபமாகச் சொல்லவில்லை. நடந்த ஒழுங்கு விளங்கவேண்டும் என்பதற்காகச் சொல்கிறேன்.

சல்லிக்கு அப்பால் கடலில் பழைய இரும்பு வள்ளமொன்று மூழ்கிக் கிடக்கிறது. யதுர்ஷன் மூச்சடக்கிச் சுழியோடுவான், தகப்பன் பழக்கியது. கீழே போய் அந்த இரும்பைத் தட்டி, தண்ணீருக்குள் போடுகிற மைக்கில் அதைப் பதியவேண்டும் என்று ஒரு யோசனை அவனுக்கு. கீழே போகிறவனுக்கு மேலே ஒரு ஆள் வேண்டும். வழக்கமாகப் போகிற றுவைஸ் அன்று கொழும்பில் நின்றான். நான் வருகிறேன் என்றேன்.

"டீச்சர், நீங்களோ? கடலுக்கோ?"

"ஏன், எனக்கு ஏலாதோ?"

அவனுக்கு அப்படியொரு சந்தோசம். நான் கோபம் ஆறிவிட்டேன் என்று நினைத்தான் போலிருக்கிறது. காலையில் வள்ளத்தின் பலகையைத் தன் சேட்டால் துடைத்துவிட்டு என்னை இருத்தினான். வெயிலுக்குத் தகப்பனின் தொப்பியை என் தலையில் வைத்தான். இவற்றை நான் மறைக்கவில்லை. நல்ல பிள்ளைதான். தாங்கள் என்ன செய்கிறோம் என்று தெரியாமல் செய்கிறவர்கள் எல்லோரும் நல்ல பிள்ளைகள்தான்.

ரெக்கோடரை என் மடியில் வைத்து, ஹெட்போனை என் காதில் மாட்டினான். "ஆராவது கிட்ட வந்தா, கீழ ஆள் நிக்குதெண்டு கத்துங்கோ, டீச்சர். இந்தப் பக்கம் மீனுக்கு டைனமைட் போடுறவங்கள் திரியிறவங்கள்."

ஆமாம். தெளிவாகச் சொன்னான். எழுதிக்கொள்ளுங்கள்.

அவன் கீழே போய்த் தட்டினான். ஹெட்போனில் கேட்டேன். உண்மையைச் சொல்வதில் எனக்கு வெட்கமில்லை. நல்ல நாதம். கோயில் மணியைத் துணியால் சுற்றி அடித்ததுபோல நீண்டு போனது. இதை என்னிடம் தந்தால் நான் அதற்கு ஒரு ஆலாபனை எழுதியிருப்பேன். அவன் மேலே வந்து வள்ளத்தின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு, கண்ணில் உப்புத்தண்ணீர் வழிய வழியச் சொன்னான்:

"கேட்டீங்களோ, டீச்சர்? இதை அந்த உங்கட சீயோட சேத்தா எப்பிடி இருக்கும்?"

சொல்லிவிட்டு மூச்சை இழுத்துக்கொண்டு திரும்பக் கீழே போனான்.

அப்போதுதான் அந்தப் படகு வந்தது. கொஞ்ச நேரமாகவே தூரத்தில் நின்று தண்ணீரைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அந்தப் பக்கம் மீன் கூட்டமொன்று கறுப்பாகத் தெரிந்தது. முன்னால் நின்றவன் கையில் ஒரு பொதி. நீங்கள் பிடித்து வைத்திருக்கிற மோகனச்சந்திரன்தான் அவன் என்று பிறகு அறிந்தேன். அவன் என்னைக் கண்டு எஞ்சினை நிறுத்தச் சொன்னான். நான் ஒரு காதிலிருந்து ஹெட்போனை விலக்கினேன்.

"அக்கா, கீழ ஆக்கள் ஆரும் நிக்கினமோ?"

"இல்லை" என்றேன்.

அவன் நம்பவில்லை. கிட்ட வந்து, தண்ணீரைக் கையால் காட்டித் திரும்பக் கேட்டான். "வடிவாச் சொல்லுங்கோ அக்கா. ஆள் இருந்தா நாங்க அங்கால போயிடுவம்."

யதுர்ஷனின் செருப்பு என் காலடியில் கிடந்தது. சேலையை இழுத்து அதன்மேல் விட்டேன்.

"ஒருத்தரும் இல்லை, தம்பி. நான் சும்மா காத்து வாங்க வந்தனான்."

அவர்கள் விலகிப் போனார்கள். திரியைக் கொளுத்துவதைக் கண்டதும் நான் ஹெட்போனைக் கழற்றிப் பக்கத்தில் வைத்தேன். என் காதை நான் பார்த்துக்கொள்ள வேண்டாமா? அதுதானே என் தொழில்.

நீங்கள் நினைப்பதுபோல் பெரிய சத்தமில்லை. பலகைக்குக் கீழே ஒரு குத்து, தண்ணீர் கொஞ்சம் எழும்பி விழுந்தது. பிறகு மீன்கள் வெள்ளை வெள்ளையாக மிதந்தன. அவற்றுக்கு நடுவில் அவனும் வந்தான்.

அந்த முட்டாள்கள் ஓடிப்போயிருக்கலாம். ஓடியிருந்தால் உங்களுக்கு ஒருவரும் கிடைத்திருக்கமாட்டார்கள், நாமிருவரும் இங்கே இருக்கமாட்டோம். மோகனச்சந்திரன் "ஐயோ கடவுளே" என்று கத்திக்கொண்டு சேட்டோடு குதித்தான். அவனும் எஞ்சின் பிடித்தவனுமாக யதுர்ஷனைத் தூக்கி என் வள்ளத்தில் போட்டுவிட்டு, மீனையும் விட்டு, எங்களைக் கட்டி இழுத்துக்கொண்டு கரைக்கு வந்தார்கள். ஆஸ்பத்திரி வாசலில் அவன் அழுதுகொண்டு நின்றபோதுதான் உங்கள் ஆட்கள் பிடித்தார்கள். களவு செய்யவும் ஒரு படிப்பு வேண்டும்.

வழி முழுக்க யதுர்ஷனின் தலை என் மடியில் இருந்தது. இரண்டு காதாலும் மூக்காலும் இரத்தம். ஒரு கட்டத்தில் கண்ணைத் திறந்து, தன் குரல் தனக்கே எட்டாத ஆள் கத்துவதுபோலக் கத்தினான்.

"டீச்சர், ரெக்கோட் ஆச்சோ?"

"ஓம்" என்றேன். அவனுக்குக் கேட்கவில்லை. ஆகவே தலையை ஆட்டினேன். சிரித்துவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டான்.

உயிர் தப்பிவிட்டான். கை கால் சுகம். சாப்பிடுகிறான், நடக்கிறான். கேட்காது, அவ்வளவுதான். இனிமேலும் கேட்காது என்று டொக்டர்மார் சொல்லியிருக்கிறார்கள். கிழமைக்கு ஒருதரம் நான் பழம் வாங்கிக்கொண்டு போய்ப் பார்க்கிறேன். அவன் என் கையை எடுத்துத் தன் தொண்டையில் வைத்துக்கொண்டு பாடிக் காட்டுவான். சுருதி எங்கேயோ போகும். நான் நன்றாயிருக்கிறது என்று தலையை ஆட்டுவேன். அவனுக்கு இப்போது என்னைப்போல ஒரு ஆள் தேவை.

அந்தப் பதிவில் வெடி நன்றாக விழுந்திருந்தது. இறுதி அடிக்கு அதைப் போடலாம் என்று நான்தான் றுவைஸிடம் சொன்னேன். அவன் என்னைப் பார்த்துவிட்டு எழும்பி வெளியே போய்விட்டான். இந்தக் காலத்துப் பிள்ளைகளுக்குத் தொழிலில் ஒரு திடம் இல்லை.

இனித் தடுக்க ஆளில்லை என்பதால் அந்த அடாணாவை நான் புதிதாக வாசித்துக் கொடுத்தேன். விரல் வழுக்கவில்லை. மேல் ஸட்ஜத்தில் கம்பி கட்டியதுபோல நின்றேன். றுவைஸ் ஹெட்போனைப் போட்டுக் கேட்டான். கழற்றினான். என் முகத்தைப் பாராமல் கதிரையைப் பார்த்துக்கொண்டு, "இதுவும் அதே எடத்துலதான் போய் நிக்கிது, டீச்சர்" என்றான். கண்ணில் தண்ணீர் வேறு. கூட்டாளிக்காகப் பொய் சொல்கிறான். வேறென்ன? விளையாட்டு அந்தப் பழைய இசையோடேயே வெளிவந்தது. எல்லோரும் அதைத்தான் புகழ்கிறார்கள். விமர்சனம் எழுதுகிறவர்களின் காதும் விளையாடுகிறவர்களின் காதைப் போலத்தான்.

இப்போது உங்கள் விசயத்துக்கு வருகிறேன்.

மோகனச்சந்திரன் தான் இரண்டு தரம் கேட்டதாகச் சொல்கிறான். நீங்கள் அதை நம்பவில்லை. என் தங்கை சிவாஜினி பிடித்துத் தந்த சட்டத்தரணியும் நம்பவில்லை. ஓய்வு பெற்ற டீச்சர் அப்படிச் செய்வாவா என்கிறீர்கள். எல்லோருமாகச் சேர்ந்து எனக்கு ஒரு வழி கண்டுபிடித்திருக்கிறீர்கள்: வயது போன மனுசி, காது மந்தம், கடல் இரைச்சலில் கேள்வி சரியாகக் கேட்கவில்லை, ஏதோ கேட்கிறார்கள் என்று இல்லை என்று சொல்லிவிட்டா.

அதற்கென்று என்னைக் காது டொக்டரிடமும் கூட்டிப்போனார்கள். ஒரு பெட்டிக்குள் இருத்தி, சத்தம் கேட்டால் கையைத் தூக்கச் சொன்னார். சத்தம் வராவிட்டால் நான் எதற்குக் கையைத் தூக்குவது? கொஞ்ச நேரம் சத்தம் வந்தது, தூக்கினேன். பிறகு ஒன்றும் வரவில்லை, சும்மா இருந்தேன். வந்துகொண்டேதான் இருந்தது என்கிறார். மிஷினைத் திருத்துங்கள் என்று சொல்லிவிட்டு வந்தேன்.

அதையும் பொறுத்தேன். யதுர்ஷனின் வாக்குமூலத்தை நீங்கள் வாசித்துக் காட்டியதைத்தான் பொறுக்க முடியவில்லை. எனக்கு உதவி என்று நினைத்து வாசித்தீர்கள். அது எனக்குப் பாடமாகிவிட்டது.

"டீச்சர் மேல பிழை சொல்லாதேங்கோ. அவவுக்குக் காது குறைவு. வந்த முதல் நாளே எங்களுக்குத் தெரியும். அவ வாசிக்கிற எல்லாத்தையும் நான் இருந்து ஒவ்வொரு ஸ்வரமா இடத்தில வச்சுத்தான் குடுக்கிறனான். அவவுக்குத் தெரிஞ்சா மனம் உடைஞ்சு போவா எண்டு நானும் றுவைஸும் சொல்லேல்லை. அந்த ஒரு இடத்தை மட்டும் நான் தொடேல்லை. அது அவ்வளவு வடிவா இருந்தது."

வடிவாம்.

என்னைக் காப்பாற்றுகிறானாம். ஐஸ் பெட்டி தட்டுகிறவன் என் ஸ்வரத்தைத் தூக்கி இடத்தில் வைத்தானாம். நான் சம்மதித்தால் நாளைக்கே வீட்டுக்குப் போகலாம் என்கிறார் சட்டத்தரணி. செவிட்டு டீச்சர் என்று பெயர் வாங்கிக்கொண்டு, அந்த முன்னறையில், அந்தப் பிள்ளைகளுக்கு முன்னால். அவருக்கு அது விடுதலை.

ஆகவே இதை எழுதச் சொல்லுங்கள், ஆறுதலாக, பிழையில்லாமல். கடல் அன்று அமைதியாக இருந்தது. மோகனச்சந்திரன் கேட்ட கேள்வி முதல் தரமே எனக்கு ஒவ்வொரு எழுத்தாகக் கேட்டது. இரண்டாம் தரமும் கேட்டது. கீழே யதுர்ஷன் இருக்கிறான் என்பது தெரியும், அந்தப் பொதியில் என்ன இருக்கிறது என்பதும் தெரியும். தெரிந்துகொண்டுதான் ஒருத்தரும் இல்லை என்று சொன்னேன். எந்தக் கோர்ட்டிலும் இதையே சொல்வேன்.

கீழே கையொப்பம் வைக்கிறேன், தாருங்கள். ஆனால் அதற்கு முன் யதுர்ஷன் சொன்னதை வெட்டிவிடுங்கள், ஐயா. காது கேளாத ஒருவன் என் காதைப் பற்றிச் சொன்னதையெல்லாம் எழுதி வைத்திருப்பது உங்கள் ஸ்டேசனுக்கு மரியாதை இல்லை.